கள்ளக் கொப்பியும் கள்ளத் திறப்பும்

2018 ஜனவரியில் ஐக்கிய அமெரிக்காவின் வர்த்தகப் பிரதிநிதி அலுவலகம், போலிப் பொருட்களுக்கும் திருட்டுப் பிரதிகளுக்கும் பேர்போன சந்தைகளின் பட்டியல் ஒன்றை வெளியிட்டது. சீனாவினதும் இந்தியாவினதும் சந்தைகளோடு, மில்லிக்கனில் ஸ்ரீல்ஸ் அவெனியூவும் கென்னடி வீதியும் சந்திக்கும் மூலையிலுள்ள பசிபிக் மோலும் அதில் இடம்பெற்றிருந்தது. ரொறன்ரோவில் வாழும் எம்மவரில் அந்த மூலையைத் தெரியாதவர் குறைவு. ஸ்ரீல்ஸுக்குத் தெற்கே ஸ்காபுரோ, வடக்கே மார்க்கம். இரண்டு பக்கமும் தமிழர் வாழும் தெருக்கள். 1997இல் திறக்கப்பட்ட அந்தக் கட்டடத்துக்குள் நானூறுக்கும் மேற்பட்ட சின்னஞ்சிறு கடைகள். கைத்தொலைபேசிக்கும் மூக்குக்கண்ணாடிக்கும் தேநீருக்கும் நடுவே பல வருடங்களாக வேறொரு வியாபாரமும் நடந்தது. மெல்லிய பிளாஸ்ரிக் உறைக்குள் மங்கலாய் அச்சடித்த தாள் செருகிய தட்டுக்கள். படம், பாட்டு, விளையாட்டு; அவற்றோடு விண்டோஸ், ஒஃபிஸ், போட்டோஷொப். பொலிசார் பல தடவைகள் உள்ளே புகுந்து அள்ளிச் சென்றார்கள். அடுத்த கிழமை தட்டுக்கள் திரும்பி வந்தன.

இந்தப் பட்டியலைப் படிக்கும்போது இன்னொன்றையும் நினைவில் வைத்திருப்பது நல்லது. 1995இல், அந்த மூலையைச் சுற்றிச் சீனரின் கடைத்தொகுதிகள் பெருகிவந்த வேளையில், மார்க்கத்தின் பிரதி நகரபிதாவாக இருந்த கறோல் பெல், ஓரினத்தவர் ஓரிடத்தில் செறிவதைப் பற்றிச் சொன்னவை பெரும் சர்ச்சையைக் கிளப்பின. மென்பொருட் களவு என்ற குற்றச்சாட்டும் கடை வைத்திருக்கும் குடியேறியின் முகத்தைத் தேடியே போகிறது. ஒரு பிரதியை வாங்கி இருபது கணனிகளில் ஏற்றிய கண்ணாடிக் கட்டட அலுவலகங்கள் எந்தச் சந்தைப் பட்டியலிலும் வருவதில்லை. அங்கே விஷயம் ஒரு வழக்கறிஞர் கடிதத்தோடும் பேரத்தோடும் முடிந்துவிடும்.

கள்ளக் கொப்பி பற்றி எம்மவரிடம் பேச்செடுத்தால் இரண்டு வகையான பதில்களைக் கேட்கலாம். ஒன்று, களவு களவுதான் என்பது. மற்றது, உலகின் பெரும் பணக்காரனிடமிருந்து எடுத்தால் அது களவல்ல, நட்டஈடு என்பது. இரண்டாவதைச் சொல்பவர்கள் அநேகமாகக் கொஞ்சம் மார்க்சியமும் படித்தவர்கள். இரண்டு தரப்பும் ஒன்றை எடுகோளாகவே வைத்துக்கொள்கின்றன: கள்ளக் கொப்பியால் இழந்தது மைக்ரோசொப்ற். அந்த எடுகோள் சரிதானா என்று பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

முதலில் மென்பொருள் எப்போது சொத்தாயிற்று என்று பார்க்கவேண்டும். 1960களில் கணனி வாங்குபவருக்கு நிரல்கள் இயந்திரத்தோடு சேர்ந்தே வந்தன. தனி விலை கிடையாது. ஐபிஎம் நிறுவனம் 1969இல்தான் மென்பொருளை இயந்திரத்திலிருந்து பிரித்து விலைபேசப் போவதாக அறிவித்தது. ஆக, நிரல் என்பது தனிப் பண்டமாகி அரை நூற்றாண்டு சொச்சமே ஆகிறது. 1976 பெப்ரவரி 3ந் திகதியிட்டு, இருபது வயதான பில் கேற்ஸ், கணனிப் பொழுதுபோக்காளருக்கு ஒரு பகிரங்கக் கடிதம் எழுதினார். ஆல்ரெயர் என்ற சிறு கணனிக்காகத் தாங்கள் எழுதிய பேசிக் மொழிபெயர்ப்பியைத் துளைநாடாவில் ஒருவருக்கொருவர் பிரதியெடுத்துக் கொடுக்கிறார்கள், பத்தில் ஒருவர்கூடக் காசு கொடுத்து வாங்கவில்லை, செலவழித்த நேரத்தைக் கணக்குப் பார்த்தால் மணிக்கு இரண்டு டொலரும் தேறவில்லை என்பது அவருடைய முறைப்பாடு. கடிதத்தைப் படித்தவர்களில் பலர் கோபப்பட்டார்கள். நிரலைப் பகிர்வது அவர்களுக்குப் புத்தகம் இரவல் கொடுப்பதைப்போல.

சட்டம் பின்னால் வந்தது. கனடாவில் ஆப்பிள் 2+ கணனியைப் போலவே கணனி செய்து விற்ற சிலர்மீது ஆப்பிள் நிறுவனம் வழக்குத் தொடர்ந்தது. நிரல் ஒரு சில்லுக்குள் பதிந்துவிட்டால் அது இயந்திரத்தின் உறுப்பு, எழுத்தல்ல. ஆகவே பதிப்புரிமை இல்லை என்பது எதிராளிகளின் வாதம். 1990இல் கனேடிய உச்சநீதிமன்றம் அதை ஏற்கவில்லை. இதற்கிடையில் 1988இலேயே பதிப்புரிமைச் சட்டம் திருத்தப்பட்டு, கணனி நிரலும் 'இலக்கியப் படைப்பு' என்ற வகைக்குள் சேர்க்கப்பட்டுவிட்டது. எழுத்தால் ஒரு சதமும் காணாத எங்கள் கவிஞர்களும் விண்டோஸும் சட்டத்தின் கண்ணில் ஒரே சாதி!

*

இனிப் பூட்டுக்கள். 1980களின் டிஸ்கற் காலத்துப் பூட்டுக்கள் முரட்டுத்தனமானவை. சில நிரல்கள் மூலத் தட்டு உள்ளே இருந்தால் மட்டுமே ஓடும். சில, கணனியின் பின்புறத்தில் ஒரு சிறு கட்டியைச் செருகும்படி கேட்கும். காசு கொடுத்து வாங்கியவரே இவற்றால் அதிகம் அல்லற்பட்டார். தட்டுப் பழுதானால் நிரலும் போயிற்று. ஆகவே 1990களில் பெரிய கொம்பனிகள் வேறு வழிக்குத் திரும்பின: திறப்பிலக்கம்.

விண்டோஸ் 95இன் சில்லறைப் பிரதியோடு பத்து எண்கள் கொண்ட ஓர் இலக்கம் வந்தது. முதல் மூன்று எண்களில் சில சேர்க்கைகள் மட்டும் தடை. பின்னுள்ள ஏழு எண்களையும் கூட்டினால் ஏழால் மிச்சமின்றிப் பிரிபட வேண்டும். பரிசோதனை அவ்வளவுதான். பத்து இடத்திலும் ஒன்று என்று அடித்தாலும் பூட்டுத் திறந்தது. இங்கே கவனிக்கவேண்டியது, இந்தப் பூட்டுக்கு ஞாபகம் இல்லை என்பது. இலக்கத்தின் வடிவத்தை அது சோதித்தது. அதை எத்தனை பேர் பாவிக்கிறார்கள் என்று அதற்குத் தெரியாது. ஒரே இலக்கம் தட்டின் உறையில் எழுதப்பட்டு மில்லிக்கன் முழுவதும் சுற்றலாம். கணனியைப் பொருத்தித்தரும் சிறு கடைகள் விண்டோஸை ஏற்றியே கொடுத்தன. அனுமதிப்பத்திரம் எங்கே என்று வாங்குபவர் கேட்கவில்லை, கடைக்காரரும் சொல்லவில்லை.

ஞாபகமுள்ள பூட்டு 2001 ஒக்ரோபர் 25இல் விண்டோஸ் எக்ஸ்பியோடு வந்தது. செயலி, வன்தட்டு, நினைவகம், வலையட்டை முதலிய உறுப்புக்களின் அடையாளங்களைப் பிசைந்து ஓர் எண்ணாக்கி, அதைத் திறப்பிலக்கத்தோடு சேர்த்து நிறுவனத்துக்கு அனுப்பவேண்டும். முப்பது நாட்களுக்குள் பதில் வராவிட்டால் கணனி உள்ளே விடாது. உறுப்புக்கள் பலவற்றை மாற்றினால் மறுபடி அனுமதி கேட்கவேண்டும். வீட்டுப் பதிப்பின் முழு விலை 199 அமெரிக்க டொலர்.

ஆனால் பெரிய நிறுவனங்களிடம், ஆயிரம் கணனிகளையும் ஒவ்வொன்றாகப் பதியச்சொல்ல முடியுமா? அவர்களுக்கென்று பதிவே கேட்காத ஒரு பதிப்பும், எல்லாக் கணனிக்கும் பொதுவான ஓர் இலக்கமும் கொடுக்கப்பட்டன. அந்தப் பதிப்பும் இலக்கமும், எக்ஸ்பி கடைகளுக்கு வருமுன்பே வெளியே கசிந்துவிட்டன. உலகம் முழுவதும் எத்தனையோ கணனிகள் அந்த ஒரே இலக்கத்தில் ஓடின. 2002இல் வந்த முதலாவது திருத்தப் பொதி அதை மறுத்தது; வேறு இலக்கங்கள் வந்தன.

விஸ்ராவிலும் இதே கதைதான். பெரிய கணனி உற்பத்தியாளர்கள் தொழிற்சாலையிலேயே விண்டோஸை ஏற்றுவதால், அவர்களுடைய இயந்திரத்தின் அடிப்படைச் சில்லில் ஓர் அடையாள அட்டவணை வைக்கப்பட்டது. அதைக் கண்டால் விண்டோஸ் கேள்வி கேட்காது. உடைத்தவர்கள் அந்த அட்டவணை இருப்பதாகப் பாவனை காட்டும் நிரலைச் செய்தார்கள். பல்கலைக்கழகங்களும் அரச திணைக்களங்களும் தங்கள் சொந்த வழங்கிக் கணனி ஒன்றைவைத்து 180 நாட்களுக்கொருமுறை உள்ளேயே அனுமதி கொடுத்துக்கொள்ளும் ஏற்பாடும் வந்தது. உடனே அந்த வழங்கியைப்போல் நடிக்கும் நிரல்களும் வந்தன.

இந்த வரலாற்றை அடுக்கிப் பார்க்கும்போது ஒன்று தெளிவாகிறது. பரவலாக வெற்றிபெற்ற உடைப்புக்கள் எல்லாம் பூட்டை உடைக்கவில்லை. பெரிய வாடிக்கையாளருக்காகப் பூட்டப்படாமல் விடப்பட்ட கதவால் அவை உள்ளே போயின. தனியொருவனை ஒவ்வொரு தடவையும் அடையாளம் கேட்கும் பூட்டு, கூட்டமாய் வரும் பணக்காரனை மரியாதையோடு உள்ளே விட்டது. கள்ளன் பணக்காரனின் சட்டையைப் போட்டுக்கொண்டு போனான்.

காசு கொடுத்தவனுக்கு நடந்ததையும் சொல்லவேண்டும். 2007 ஓகஸ்ற் 24இல் மைக்ரோசொப்ற்றின் சரிபார்ப்பு வழங்கிகள் தவறிழைத்து, முறைப்படி வாங்கிய ஆயிரக்கணக்கானோரின் விண்டோஸைக் கள்ளப் பிரதியென்று முத்திரை குத்தின. நிலைமை சீராக அடுத்த நாளாயிற்று. கையில் பத்திரம் இருந்தும் பத்திரமற்றவனாய் நிற்பது எப்படியென்று எங்களுக்கு யாரும் விளக்கத் தேவையில்லை. 2008 ஒக்ரோபரில் சீனாவில், சரிபார்ப்பில் தேறாத கணனிகளின் திரைப் பின்னணி மணிக்கொருமுறை கறுப்பாகும் ஏற்பாடு வந்தபோது பெரும் எதிர்ப்புக் கிளம்பியது.

இவ்வளவு பூட்டும் உண்மையிலேயே கள்ளனை வெளியே வைக்கத்தானா? 1998இல் வொஷிங்ரன் பல்கலைக்கழக மாணவரிடையே பேசிய கேற்ஸ், சீனாவில் மென்பொருளுக்குக் காசு கொடுப்பவர் இல்லை, ஒருநாள் கொடுப்பார்கள், எப்படியும் களவெடுப்பதானால் எங்களுடையதையே எடுக்கட்டும், பழகிவிடுவார்கள், பிறகு காசு வாங்கும் வழியைப் பார்த்துக்கொள்ளலாம் என்ற பொருள்பட வெளிப்படையாகவே சொன்னார். 1976இன் கடிதத்தையும் இதையும் பக்கத்தில் வைத்துப் படிக்கவேண்டும். ஐந்து பேர் வாங்கும் நிரலை எழுதியவனுக்குக் களவு பட்டினி. உலகமே பாவிக்கும் நிரலை வைத்திருப்பவனுக்குக் களவு விளம்பரம். பிற்காலத்து விண்டோஸ் 10, பதிவு செய்யாவிட்டாலும் திரையின் மூலையில் ஒரு மங்கிய வாசகத்தைக் காட்டிக்கொண்டு பெரும்பாலும் ஓடிக்கொண்டே இருந்தது. பழகிய கையை வெளியே தள்ளுவது நட்டம் என்று நிறுவனத்துக்குத் தெரிந்திருந்தது.

*

அப்படியானால் கள்ளக் கொப்பியால் இழந்தது யார்? இதற்குப் பதில் தேட நாங்கள் எங்களிடம் திரும்பவேண்டும்.

கணனியில் தமிழ் என்பது எந்தப் பெருங்கொம்பனியும் எங்களுக்குத் தந்ததல்ல. கனடாவிலிருந்த கலாநிதி ஸ்ரீனிவாசன் 1980களின் நடுப்பகுதியிலேயே 'ஆதமி' என்ற தமிழ் எழுதியை உருவாக்கினார். மலேசியாவில் முத்து நெடுமாறன் 1985ஆம் ஆண்டளவில் 'முரசு' மென்பொருளைத் தொடங்கினார். சுவிற்சர்லாந்தின் லொசானிலிருந்து கலாநிதி கல்யாணசுந்தரம் 'மயிலை' எழுத்துருவை இலவசமாகவே விட்டார். 1998 பொங்கலோடு மதுரைத் திட்டத்தைத் தொடங்கியவரும் அவரே. சிங்கப்பூரில் நா. கோவிந்தசாமி. இப்படி அங்கொருவர் இங்கொருவராய், பகலில் வேறு வேலை செய்துகொண்டு இரவில் எழுத்தை வரைந்தவர்கள்.

புலம்பெயர்ந்த ஈழத்தமிழரின் சஞ்சிகைகளிலும் கலியாண அழைப்பிதழ்களிலும் மரண அறிவித்தல்களிலும் கோலோச்சியது 'பாமினி' வகை எழுத்துருக்கள். ஆங்கில எழுத்துக்களின் இடத்தில் தமிழ் வடிவங்களை வைப்பது இவற்றின் உத்தி. விண்டோஸைப் பொறுத்தவரை நீங்கள் எழுதுவது ஆங்கிலம். தமிழாய்த் தெரிவது எழுத்துருவின் உபயம். 'தமிழ்' என்று பாமினியில் அடித்த சொல்லை அந்த எழுத்துரு இல்லாத கணனியில் திறந்தால் ஜே, கே, பி, ஓ, பிறகு ஓர் அரைப்புள்ளி என்றுதான் தெரியும். ஆகவே கடிதத்தோடு எழுத்துருவையும் கொடுத்தனுப்பவேண்டும். கொப்பி பண்ணாமல் தமிழ் படிக்கவே முடியாது! அந்த எழுத்துருவைச் செய்தவர் யார், அதற்குக் காசு கொடுக்கவேண்டுமா என்று கேட்டவர்களை நான் காணவில்லை. எனக்குத் தெரிந்த அத்தனை அச்சு அலுவலகங்களிலும் பேஜ்மேக்கரும் கள்ளம், விண்டோஸும் கள்ளம், எழுத்துருவும் இரவல். எங்கள் கருத்துச் சுதந்திரத்தின் பெரும்பகுதி அந்த மூன்றின் மேல்தான் நின்றது. இதில் வெட்கப்பட ஒன்றுமில்லை, உண்மை அது.

ஆனால் மூன்றும் ஒன்றல்ல. பேஜ்மேக்கர் அடோபியினுடையது, அடோபி அதைத் தாங்கும். எழுத்துருவைச் செய்தவன் தாங்கமாட்டான். கலிபோர்னியாவின் பெருங்கொம்பனியையும் ஸ்காபுரோவின் நிலக்கீழ் வீட்டில் எழுத்து வரைந்தவனையும் நாங்கள் ஒரே தராசில் வைத்தோம்.

இதற்குத் தமிழ் மென்பொருள் செய்தவர்களின் எதிர்வினை எங்களை இன்னும் ஆழமாய்ப் பாதித்தது. பூனாவின் மொடுலர் இன்ஃபொரெக் நிறுவனத்தின் 'சிறீலிபி' போன்ற அச்சுத்துறை மென்பொருட்கள் பழைய பாணியில் கட்டியைச் செருகச் சொல்லின. அதைவிட மலிவான இன்னொரு பூட்டும் இருந்தது: குறியீட்டு முறை. ஒவ்வொருவரும் எழுத்துக்களைத் தங்கள் தங்கள் வரிசையில் வைத்தார்கள். ஒருவரின் மென்பொருளில் எழுதியதை இன்னொருவருடையதில் திறக்கமுடியாது. எழுத்துருவைக் களவெடுக்கலாம், ஆனால் ஆயிரம் பக்கம் எழுதிய பின் வேறிடம் போகமுடியாது. எல்லோரும் திட்டமிட்டு இதைச் செய்தார்கள் என்று சொல்லவரவில்லை. பலருக்கு வேறு வழி இருக்கவில்லை. விளைவு ஒன்றுதான். விண்டோஸின் பூட்டு ஆளைப் பூட்டியது. எங்கள் பூட்டு எழுதியதையே பூட்டியது.

1997இல் சிங்கப்பூரிலும் 1999இல் சென்னையிலும் கூடிப் பேசினார்கள். தமிழ்நாட்டரசு ராம், ராப் என்ற இரண்டு முறைகளை அறிவித்தது. மின்னஞ்சல் வழி விவாதித்த உலகத் தமிழர் ரிஸ்கி என்ற வேறொன்றை உருவாக்கினார்கள். தமிழ்நாட்டரசு யூனிகோட்டை நியமமாக ஏற்றது 2010இல். யூனிகோட்டில் தமிழுக்கு 1991இலேயே இடமிருந்தது.

இவ்விடத்தில் ஒரு சிறு தகவல். விண்டோஸ் எக்ஸ்பியில் யூனிகோட் தமிழ் இருந்தது. ஆனால் தானாக வரவில்லை. சிக்கலான எழுத்துக்களுக்குரிய கோப்புக்களைத் தனியாக நிறுவவேண்டும். அப்போது கணனி விண்டோஸின் மூலத் தட்டைப் போடும்படி கேட்கும். கடைக்காரர் ஏற்றிக்கொடுத்த கணனியை வைத்திருந்தவரிடம் ஏது தட்டு? ஆக, யூனிகோட் தமிழைப் பார்ப்பதற்காகவும் சிலர் பசிபிக் மோலுக்குப் போகவேண்டியிருந்தது.

இனி, என் கணக்கில் ஆகப்பெரிய இழப்புக்கு வருகிறேன். 2000ஐ ஒட்டிய ஆண்டுகளில், இதே ரொறன்ரோவில் வாழ்ந்த இயற்பியலாளர் வெங்கட்ரமணனும் உலகின் பல மூலைகளிலிருந்த தொண்டர்களும் சேர்ந்து, லினக்ஸில் ஓடும் கேடிஈ என்ற மேசைச் சூழலைத் தமிழாக்கினார்கள். கோப்பு, திருத்து, சேமி என்று கணனி தமிழில் பேசியது. விலை இல்லை, திறப்பிலக்கம் இல்லை, பிரதியெடுப்பது களவல்ல, அதுதான் நோக்கமே. மைக்ரோசொப்ற் தன் தமிழ் இடைமுகப் பொதியைத் தந்தது அதற்குப் பின்புதான். எங்கள் சமூகம் ஏன் அதைக் கையிலெடுக்கவில்லை? கடினமாக இருந்தது என்பார்கள்; அதுவும் ஓரளவு உண்மை. அச்சுப்பொறி வேலை செய்யாது, பேஜ்மேக்கர் ஓடாது. ஆனால் கட்டற்ற மென்பொருளிடம் ஏழையைக் கவர இருந்த முதற்பலம் அது இலவசம் என்பது. 199 டொலர் விண்டோஸோடு அது போட்டியிட்டிருக்கலாம். ஒரு நேரச் சாப்பாட்டுக் காசுக்குக் கிடைத்த விண்டோஸோடு முடியவில்லை. மைக்ரோசொப்ற்றுக்கு நட்டம் வைக்கிறோம் என்று நினைத்து வாங்கிய ஒவ்வொரு கள்ளத் தட்டும், மைக்ரோசொப்ற்றுக்கு மாற்றாய் வந்த ஒன்றின் கழுத்திலேயே விழுந்தது. நட்டஈடு வாதக்காரர்கள் இதற்குப் பதில் சொல்லவேண்டும்.

களவு களவுதான் என்பவர்களுக்கும் ஒரு கேள்வி உண்டு. 1981இல் யாழ்ப்பாண நூலகத்தில் எரிந்த ஏடுகளில் வேறெங்கும் பிரதியில்லாதவை அடியோடு போயின. பிரதி இருந்தவை பிழைத்தன. பிரதியெடுத்தலை அடிப்படையில் குற்றமாய்ப் பார்க்கும் ஒழுக்கத்தை எங்களைப்போன்ற ஒரு சமூகம் ஏற்கவே முடியாது. கனடாவின் 2012ஆம் ஆண்டுப் பதிப்புரிமைத் திருத்தச் சட்டம், வழக்கொழிந்த வடிவத்திலுள்ளவற்றை நூலகங்கள் வேறு வடிவத்துக்குப் பிரதியெடுக்க இடம் கொடுத்தது. அதே சட்டம், டிஜிற்றல் பூட்டை உடைப்பதையே தனியான மீறலாக்கியது. உள்ளே இருக்கும் பொருளைப் பிரதியெடுக்கலாம், ஆனால் பூட்டில் கைவைக்கக்கூடாது! 2024 நவம்பரில் வந்த இரு திருத்தங்கள், பொருட்களைப் பழுதுபார்க்கவும் ஒன்றோடொன்று இயங்கச் செய்யவும் பூட்டை உடைக்க வழி திறந்தன. ஆவணப் பாதுகாப்பு அவற்றில் இல்லை.

இது வெறும் சட்டப் பேச்சல்ல. 1990களின் புலம்பெயர் சஞ்சிகைகளின் மூலக் கோப்புக்கள் இன்னும் எத்தனையோ வீடுகளின் நிலக்கீழ் அறைகளில் டிஸ்கற்றுக்களாய்க் கிடக்கின்றன. அவற்றைத் திறக்க அந்தக் காலத்து விண்டோஸ் வேண்டும். 2001இல் வந்த ஏழாம் பதிப்போடு நின்றுபோன பேஜ்மேக்கர் வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக அந்த எழுத்துரு வேண்டும். பாமினிக்குக் கவலையில்லை, சுரதா யாழ்வாணன் போன்றோர் செய்து இலவசமாய் விட்ட மாற்றிகள், பாமினியில் அடித்ததைக் கணநேரத்தில் யூனிகோட்டாக்கும். பாமினி அல்லாத, ஒரு நகரத்துக்குள்ளேயே பிறந்து பத்துக் கணனிகளில் வாழ்ந்து மறைந்த எழுத்துருக்களுக்கு மாற்றி இல்லை. எழுத்துருக் கோப்பு ஒன்று அகப்பட்டால் ஒரு பின்னேரத்துக்குள் அதற்கு அட்டவணை எழுதிவிடலாம். ஆகவே டிஸ்கற் வைத்திருப்போர் அதைத் தூக்கியெறியமுன், பழைய கணனியின் எழுத்துரு அடைவையும் அப்படியே பிரதியெடுத்து அதோடு வைக்கட்டும். எழுத்துருவின் பெயரையும், தெரிந்தால் செய்தவரின் பெயரையும், உறையில் பேனையால் எழுதிவிடட்டும்.